சுராங்கனி பாடிய சிலோன் மனோகர்: ஈழத்துப் பொப்பிசையின் கதை

பாட்டு ஒன்று மக்களிடையே பரவும்போது, அதைப் பாடியவனின் பெயர் மெல்ல மெல்ல மறைந்துவிடுவதுண்டு. தாலாட்டைப் பாடும் தாய், அதை முதலிற் கட்டியவள் யாரென்று கேட்பதில்லை. ஏற்றப்பாட்டுப் பாடிய உழவனும் புலவனின் ஊர் பேர் அறிந்தானல்லன். அச்சும் வானொலியும் இசைத்தட்டும் வந்துவிட்ட இருபதாம் நூற்றாண்டிலும் இவ்வாறு வழங்கிய பாடல்கள் சில உண்டு. அவற்றுள் ஒன்று, சுராங்கனி என்னும் பெண்ணுக்கு மீன் கொண்டுவந்திருப்பதாகச் சொல்லும் சிறு பாட்டு. கொழும்புத் திருமண வீட்டிலும், சென்னைக் கல்லூரி விடுதியிலும், உல்லாசப் பயணம் செல்லும் பேருந்திலும் கைகொட்டிப் பாடப்பட்ட பாட்டு அது. அதைத் தமிழுலகெங்கும் எடுத்துச் சென்றவர் ஏ. ஈ. மனோகரன். தாயகத்தில் 'பொப்பிசைச் சக்கரவர்த்தி' என்றும், தமிழகத்திற் 'சிலோன் மனோகர்' என்றும் வழங்கப்பெற்றவர் அவரே.

மனோகரனின் வாழ்க்கையை விளங்கிக்கொள்ளுவதற்கு, அவர் பாடிய இசை எங்கிருந்து வந்தது என்பதை முதலில் அறிதல் வேண்டும். ஏனெனில், அவ்விசையின் வயது பாடகரின் வயதிலும் பல மடங்கு பெரிது. அது கடந்துவந்த கடலும் பெரிது.

போர்த்துக்கேயர் 1505 இல் இலங்கைக் கரையை அடைந்தனர். 1658 இல் ஒல்லாந்தரிடம் தோற்று நீங்கும்வரை கரையோரப் பகுதிகள் அவர்கள் கையில் இருந்தன. அவர்கள் வந்த கப்பல்களில் ஆபிரிக்க மக்களும் அடிமைகளாகவும் படைவீரராகவும் கொண்டுவரப்பட்டனர். மொசாம்பிக் முதலான கிழக்காபிரிக்கக் கரைகளிலிருந்து வந்தோர் அவருட் பலர். பின்வந்த ஒல்லாந்தரும் ஆங்கிலேயரும் அவ்வழக்கத்தைத் தொடர்ந்தனர். அம்மக்களின் வழித்தோன்றல்கள் சிலர் இன்றும் புத்தளத்தை அடுத்த சிரம்பையடி என்னும் ஊரில் வாழ்கின்றனர். அவர்கள் தம் முன்னோரிடமிருந்து பெற்ற 'மஞ்ஞா' என்னும் பாடல்களைக் கூடியிருந்து பாடுவர். கையிற் கிடைத்த பாத்திரமும் கரண்டியும் சிரட்டையுங்கூட அவர்களுக்கு வாத்தியங்களே. மெதுவாகத் தொடங்கும் பாட்டு வேகம் பிடித்துச் சென்று, இருந்தவர் எழுந்து ஆடும்போதுதான் நிறைவெய்தும்.

இந்த ஆபிரிக்கத் தாளமும் போர்த்துக்கேயப் பறங்கியரின் வயலினும் ஒன்றாகிப் பிறந்தது 'கபிரிஞ்ஞா' என்னும் ஆடலிசை. அதிலிருந்து கிளைத்தது பைலா. ஆடுதல் என்னும் பொருள் தரும் போர்த்துக்கேயச் சொல்லே பைலாவுக்குப் பெயராயிற்று. அடிமைப்பட்டவர் பாட்டு ஆண்டவர் மாளிகையில் நுழைந்து, ஆண்டவர் அகன்ற பின்னரும் மண்ணில் நிலைத்துவிட்டது. வரலாற்றில் இத்தகைய வெற்றி இசைக்கே உரியது போலும்.

பைலாவின் தாளத்தை ஆறு மாத்திரைக் கணக்கென்று இசையறிந்தோர் கூறுவர். ஆறும் மும்மூன்றாகப் பிரிந்து விழும். கருநாடக இசையிற் பயின்றோர் இதனைத் திஸ்ர நடை என்று உடனே இனங்கண்டுகொள்வர். காவடிச் சிந்தும் கும்மியும் பெரும்பாலும் நடப்பது இந்நடையிலேதான். ஆகவே, பைலாவைக் கேட்ட தமிழ்ச் செவிக்கு அது முற்றிலும் அந்நியமாகத் தோன்றவில்லை. மெட்டு மேனாட்டு உடை உடுத்து வந்தபோதிலும், அதன் கால்கள் பழக்கமான நடையையே நடந்தன. ஈழத்துத் தமிழர் பைலாவை இத்துணை எளிதில் தமதாக்கிக்கொண்டமைக்கு இதுவும் ஒரு காரணம் எனலாம்.

சிங்கள மொழியில் பைலாவுக்கு இருபதாம் நூற்றாண்டிற் புது வாழ்வு அளித்தவர் வொலி பஸ்தியான்ஸ். 1914 இற் பிறந்து 1985 இல் மறைந்த இவர், பொலீசு சேவையில் இருந்தவர். இசைக்குழுவினர் சேர்ந்து பாடும் கோரஸ் பைலாவையும், இருவர் எதிரெதிர் நின்று வாதாடும் பைலாவையும் வளர்த்த பெருமை அவருடையது. அவருக்குப் பின் எம். எஸ். பெர்னாண்டோ முதலியோர் அதனை நாடெங்கும் ஒலிக்கச் செய்தனர். 1960களில் கிற்றார் ஏந்திய இளைஞர் குழுக்கள் பல தோன்றின. கிளாரன்ஸ் விஜேவர்த்தனவின் மூன்ஸ்ரோன்ஸ் குழு சிங்கள மெல்லிசையின் போக்கையே மாற்றிற்று. மேற்கே பீற்றில்ஸ் இசைக்குழு எழுப்பிய அலையும், மேற்கிந்தியத் தீவுகளின் கலிப்சோ இசையும் அக்காலத்துக் கொழும்பு இளைஞரைத் தீண்டாமல் இருக்கவில்லை.

கொழும்பு மாநகரில் இவையெல்லாம் தமிழர் காதிலும் விழுந்தன. கொட்டாஞ்சேனையை எடுத்துக்கொள்வோம். சாந்த லூசியா பேராலயத்தின் மணியோசை கேட்கும் அத்தெருக்களில் தமிழர், சிங்களவர், பறங்கியர், பரதர், கொழும்புச் செட்டிகள், முஸ்லிம்கள் என்போர் அடுத்தடுத்து வாழ்ந்தனர். ஒரு வீட்டுத் திருமணத்தில் எழும் பாட்டு, மதிலுக்கு அப்பால் உள்ள வீட்டுப் பிள்ளைக்கும் மனப்பாடமாகிவிடும். அதற்கு அநுமதிச் சீட்டு வேண்டுவதில்லை. தெற்கே வெள்ளவத்தையின் நிலை சற்று வேறு. யாழ்ப்பாணத்திலிருந்து உத்தியோகம் தேடி வந்த குடும்பங்கள், காலி வீதியிலிருந்து கடலை நோக்கி இறங்கும் ஒழுங்கைகளிற் குடியேறியிருந்தன. அவ்வீடுகளில் மாலை வேளையிற் பெண்பிள்ளைகள் வீணையும் வாய்ப்பாட்டும் பயின்றனர். சங்கீதம் என்றால் அது தியாகராசர் கீர்த்தனை. பொழுதுபோக்குக்கு வேண்டுமாயின் தமிழ்நாட்டுச் சினிமாப் பாட்டு. இவ்விரண்டுக்கும் நடுவே, தாங்கள் அன்றாடம் பேசும் பேச்சிலேயே பாட்டு ஒன்று பிறக்கலாம் என்று பெரியோர் எண்ணவில்லை.

அவ்வாறு எண்ணியவர்கள் இளைஞர்கள். திருகோணமலையைச் சேர்ந்த சகோதரர்களான பரமேஸ், கோணேஸ் இருவரும் தாமே மெட்டமைத்துப் பாடிய மெல்லிசைப் பாடல்களை இசைத்தட்டில் வெளியிட்டனர். உரும்பிராயைச் சேர்ந்த நித்தி கனகரத்தினம் இன்னொரு வழியிற் சென்றார். 'சின்ன மாமியே', 'கள்ளுக்கடைப் பக்கம் போகாதே' என்னும் அவர் பாடல்கள் யாழ்ப்பாணத்து வீட்டு முற்றத்தையே மேடையாக்கின. மாமியும் மருமகனும், குடியிற் கெடும் குடும்பத்தலைவனும், சீமையிலிருந்து பெண் கேட்டு வரும் மாப்பிள்ளையும் அவர் பாட்டில் உலாவினர். சிரிக்க வைத்தபடியே சமூகத்தின் குறையைத் தொட்டுக் காட்டும் ஆற்றல் அப்பாடல்களுக்கு இருந்தது. நித்தி பின்னாளில் அவுஸ்திரேலியாவிற் குடியேறினார். ஈழத்துத் தமிழ்ப் பொப்பிசையின் தந்தை என்று இரசிகர் அவரைக் குறிப்பிடுவர். ஸ்ரான்லி சிவானந்தன், அமுதன் அண்ணாமலை முதலியோரும் இத்துறையில் விளங்கினர்.

இவர்களுக்கு வாய்த்த பெருந்துணை வானொலி. 1925 டிசம்பர் 16 ஆம் நாள் கொழும்பில் ஒலிபரப்புத் தொடங்கியது. அது 1949 இல் இலங்கை வானொலி என்னும் பெயர் பெற்று, 1967 இற் கூட்டுத்தாபனமாயிற்று. 1952 அளவில் இந்திய வானொலி சினிமாப் பாடல்களை ஒதுக்கி வைத்தது. அக்காலத்திற் பாக்கு நீரிணைக்கு அப்பாலிருந்த தமிழ்நாட்டு மக்கள், தம் நாட்டுப் பாடல்களைக் கேட்பதற்கே கொழும்பின் வர்த்தக சேவையைத் திருப்பினர். 1957 இல் விவித பாரதி தொடங்கிய பின்னரும் அப்பழக்கம் எளிதில் மாறவில்லை. சினிமாப் பாட்டுக்காகத் திறந்த அந்த வாயில் வழியே ஈழத்துப் பாட்டும் சிறிது சிறிதாக நுழைந்தது. 1970களில் இறக்குமதிக் கட்டுப்பாடுகள் இறுகி, உள்நாட்டுக் கலைக்கு ஊக்கமளிக்கும் போக்கு நிலவியபோது, உள்ளூர்ப் பாடகர்களுக்கு வாய்ப்பு மிகுந்தது.

இச்சூழலிலே எழுந்தவர் ஏ. ஈ. மனோகரன். பாடகராகப் புகழ்பெறுமுன்னரே அவருக்கு நடிப்பில் நாட்டம் இருந்தது. ஈழத்துத் தமிழ்த் திரைப்பட முயற்சிகள் தவழ்ந்துகொண்டிருந்த 1960களில், 'பாச நிலா' என்னும் படத்தில் அவர் தோன்றினார். ஆயினும் அவருக்கு உரிய களம் திறந்த மேடையே என்பது விரைவிற் புலப்பட்டது. கருநாடக இசைக் கச்சேரியிற் பாடகர் அமர்ந்திருப்பார், கேட்போரும் அமர்ந்திருப்பர். மனோகரனோ நின்றார், ஆடினார், கேட்போரைப் பெயர் சொல்லி அழையாத குறையாகப் பாட்டினுள் இழுத்தார். பல்லவியைத் தாம் பாடிவிட்டு மறு அடியைக் கூட்டத்தினரிடம் விட்டுவிடும் உத்தி, பைலாவின் கோரஸ் முறையிலிருந்து வந்தது. ஆனாற் பஜனைப் பாட்டுக்கும் வில்லுப்பாட்டுக்கும் பழகிய தமிழ்க் கூட்டத்துக்கு அது புதிதன்று. பாடகருக்கும் கேட்போருக்கும் இடையிலிருந்த திரை அங்கே விலகிற்று.

அவர் பாடிய 'மால் மருகா' முருகனை நோக்கிய பாட்டு. திருப்புகழிற் போற்றப்பட்ட தெய்வத்தைக் கிற்றாருக்கும் துரித தாளத்துக்கும் இசையப் பாடுவது தகுமோ என்று முகஞ்சுளித்தோர் இருந்திருப்பர். எனினும் திருப்புகழே தாள விளையாட்டின் களஞ்சியம் என்பதை நினைவுகூருவோர்க்கு அதில் வியப்பில்லை. 'பட்டு மாமியே' போன்ற வேடிக்கைப் பாடல்களும், இலங்கையைத் தாய்த்திருநாடு என்று போற்றும் நாட்டுப்பற்றுப் பாடலும் அவர் குரலிற் பரவின. எல்லாவற்றுக்கும் மேலாக நின்றது சுராங்கனி.

அப்பாட்டின் கதை மிக எளிது. சுராங்கனிக்கு மீன் கொண்டுவரப்பட்டிருக்கிறது, அவ்வளவே. சிங்களப் பைலாவாக வழங்கிய அதனை மனோகரன் சிங்களமும் தமிழும் விரவப் பாடினார். பல்லவி சிங்களம், இடையிடையே தமிழ் அடிகள். சிங்களம் அறியாத தமிழனும் பல்லவியைப் பிழையின்றிப் பாடினான். தமிழ் அறியாத சிங்களவனும் தமிழடிகளுக்குத் தலையசைத்தான். பொருள் தெரியாமலே பாடினார்கள் என்று குறை கூறுவது எளிது. ஆயினும் அயலவன் மொழியில் ஒரு சொல்லையேனும் மகிழ்ச்சியோடு வாய்விட்டுச் சொல்லுவது சிறிய காரியமன்று. 1956 இற் சிங்களம் மட்டும் ஆட்சிமொழியென்று சட்டம் இயற்றப்பட்டதன் பின், மொழி என்பதே வழக்குக்கும் பகைக்கும் பெயராகிக்கொண்டிருந்த நாடு அது. அங்கே, இருமொழியும் ஒரே தாளத்தில் இணங்கி நடந்த இடங்களுள் ஒன்று இப்பாட்டு.

1977 ஆம் ஆண்டில் இப்பாட்டு தமிழ்த் திரைக்குச் சென்றது. இளையராஜா இசையமைத்த 'அவர் எனக்கே சொந்தம்' என்னும் படத்தில் மலேசியா வாசுதேவன் அதனைப் பாடினார். மொசாம்பிக் கரையிலிருந்து வந்த தாளம், போர்த்துக்கேயர் பெயர், சிங்களப் பல்லவி, மலேசியாவிற் பிறந்த பாடகர், பண்ணைப்புரத்து இசையமைப்பாளர் என்று ஒரு சிறு பாட்டினுள் எத்தனை நாடுகள் கூடின என்பதை எண்ணிப் பார்த்தல் நலம். அதே 1977 ஆகஸ்டு மாதத்தில் இலங்கையில் இனக்கலவரம் மூண்டது என்பதையும் உடன் எண்ணவேண்டியிருக்கிறது. பாட்டு சேர்த்து வைத்ததைப் பகை பிரித்து வைத்தது. பாட்டினால் மட்டும் ஒரு நாட்டைக் காக்க முடியாது என்பது அதனாற் பெறப்படும் கசப்பான பாடம்.

1978 இற் செங்கை ஆழியானின் 'வாடைக்காற்று' நாவல் ஈழத்திற் படமாக்கப்பட்டது. பிரேம்நாத் மொறாயஸ் இயக்கிய அப்படம், மீனவர் வாழ்வை மண்ணின் மணத்தோடு காட்டிய முயற்சி. மனோகரன் அதில் நடித்தார். மீன் கொண்டுவந்த பாட்டைப் பாடியவரை, உண்மையான மீன்வாடிகளின் நடுவே இரசிகர்கள் கண்டனர். பின்னர் அவர் தமிழ்நாடு சென்று, திரைப்படத்தையே தொழிலாகக் கொண்டார். தமிழிலும் மலையாளம் முதலிய பிற மொழிகளிலும் பெரும்பாலும் கொடியவர் வேடங்களே அவருக்குக் கிடைத்தன. மேடையில் ஆயிரவரைச் சிரிக்கவும் ஆடவும் வைத்த ஒருவர், திரையிற் கதாநாயகனிடம் அடிவாங்கும் வேடங்களை ஏற்றது ஊழின் வேடிக்கை. ஆயினும் அவர் அதனை இழிவாகக் கொள்ளாது, பல ஆண்டுகள் நடிகராக வாழ்ந்தார். தொலைக்காட்சி வந்த பின்னர் தொடர் நாடகங்களிலும் நடித்தார்.

இதற்கிடையே 1983 யூலையில் நிகழ்ந்தவை உலகறிந்தவை. வெள்ளவத்தையிலும் கொட்டாஞ்சேனையிலும் தமிழர் வீடுகளும் கடைகளும் எரிந்தன. ஒரே மதிலின் இருபுறமும் ஒரே பாட்டைக் கேட்டு வளர்ந்த பலர், கடல் கடந்து சென்றனர். பொப்பிசைப் பாடகர்களுட் பலரும் அவ்வாறு சிதறினர். உயர்ந்த இசைக்கு ஆசிரியர்களும் சபைகளும் உண்டு. எங்கே சென்றாலும் அவற்றை மீண்டும் நிறுவலாம். பொப்பிசைக்கோ பள்ளி இல்லை. அது தெருவிலும் திருமணப் பந்தலிலும் கற்கப்படுவது. அயல் சிதைந்தால் அவ்விசையின் பள்ளியே சிதைந்தது போலாகும். ஈழத்துத் தமிழ்ப் பொப்பிசை 1970களின் உச்சத்தை மீண்டும் எட்டாமைக்குத் தலையாய காரணம் இதுவே.

தமிழ்நாட்டில் அவருக்கு அமைந்த பெயரும் சிந்தனைக்குரியது. 1972 மே 22 ஆம் நாள் நாடு குடியரசானபோது, சிலோன் என்னும் ஆங்கிலப் பெயர் நீக்கப்பட்டு ஸ்ரீலங்கா என்பது நிலைபெற்றது. உலகப் படங்களிலிருந்து சிலோன் மறைந்துவிட்டது. ஆனால் திரைப்பட விளம்பரங்களில் அது மனோகருக்கு முன்னொட்டாக நின்று வாழ்ந்தது. இல்லாத ஒரு நாட்டின் பெயரைச் சுமந்தபடி, இன்னொரு நாட்டில் ஒரு கலைஞர் நாற்பதாண்டுக் காலம் நடமாடினார். 2018 சனவரி 22 ஆம் நாள், 73 ஆம் வயதிற் சென்னையில் அவர் காலமானார்.

இத்தகைய கதை இலங்கைக்கு மட்டும் உரியதன்று. பைலாவின் தாளம் புறப்பட்டு வந்த கிழக்காபிரிக்கக் கரையிலேயே இதற்கு ஒப்பானவை உண்டு. சான்சிபார்த் தீவில் அடிமைகளாய் இருந்த பெற்றோருக்குப் பிறந்த சித்தி பிந்த் சாத் என்னும் பெண், அரண்மனை இசை அராபிய மொழியில் ஒலித்த காலத்தில், மக்கள் பேசும் சுவாகிலியில் 'தாராப்' இசையைப் பாடினார். 1928 இற் கப்பலேறிப் பம்பாய்க்கு வந்து இசைத்தட்டுக்களிற் பாடல்களைப் பதிந்தார். சுவாகிலி கிழக்காபிரிக்கா எங்கும் மதிப்புப் பெற்றமைக்கு அவ்விசைத்தட்டுக்கள் துணையாயின. உயர்ந்தோர் மொழியிலன்றி ஊரார் மொழியிற் பாடுவது என்னும் துணிவு, அவருக்கும் ஈழத்துப் பொப்பிசையாளர்க்கும் பொதுவானது.

'மலைக்கா' என்னும் சுவாகிலிப் பாட்டு மற்றோர் எடுத்துக்காட்டு. வானவள் என்பது அச்சொல்லின் பொருள். பெண்ணை மணக்கப் பொருளில்லாத ஏழைக் காதலனின் ஏக்கத்தை அது கூறுகின்றது. கெனியாவைச் சேர்ந்த பதிலி வில்லியம் அதனை இசைத்தட்டிற் பாடிப் பரப்பினார். பின்னர் தென்னாபிரிக்காவின் மிரியம் மக்கேபாவும், ஐரோப்பிய இசைக்குழுக்களும் அதனைப் பாடின. உலகெங்கும் பரவிய பின்னர், அதனை முதலில் இயற்றியவர் யார் என்பதிலே வழக்கு எழுந்தது. சுராங்கனியும் அதுபோன்றதே. பாடியோர் பலர், சொந்தம் கொண்டாடுவோர் பலர், பாட்டோ எவர் கைக்கும் அகப்படாமல் ஓடிக்கொண்டிருக்கின்றது.

பொப்பிசையின்மீது அக்காலத்தே கூறப்பட்ட குற்றச்சாட்டுக்களையும் மறைத்தல் ஆகாது. மெட்டுக்கள் பல சிங்களப் பைலாவிலிருந்தும் மேனாட்டுப் பாடல்களிலிருந்தும் எடுக்கப்பட்டவை. சொற்களிலே சில வேளைகளில் ஆழமில்லை. மாமியையும் மருமகளையும் கேலி செய்வது அளவு கடந்து, ஒரே நகைச்சுவை திரும்பத் திரும்ப வந்தது. இக்குறைகள் உண்மையே. ஆனால் இவற்றுக்கு எதிரே வைக்கத்தக்க நிறை ஒன்றுண்டு. அதுவரை ஈழத்துத் தமிழன் பாடிய பாட்டெல்லாம் வேறோர் இடத்தில் ஆக்கப்பட்டு வந்தது. அவன் வீட்டிற் பேசும் சொல்லும், அவன் ஊர் வழக்கும், அவன் குரலின் ஏற்ற இறக்கமும் பாட்டாகலாம் என்று முதன்முதலில் உரத்துச் சொன்னது பொப்பிசை. இலக்கியத்திலே மண்வாசனை பற்றி அறிஞர்கள் விவாதித்துக்கொண்டிருந்த அதே ஆண்டுகளில், கிற்றார் ஏந்திய இளைஞர்கள் விவாதமின்றி அதனைச் செய்து முடித்தனர்.

இன்று கொழும்பிலே திருமண விருந்து முடிவில் இசைக்குழு பைலாவைத் தொடங்கினால், பெரியவரும் சிறியவரும் எழுந்துவிடுவர். இலண்டனிலும் தொறன்ரோவிலும் வாழும் ஈழத்தமிழர் கூட்டங்களிலும் அதுவே காட்சி. சுராங்கனி வந்ததும் சிங்களப் பல்லவியைத் தமிழ்ப் பிள்ளைகள் தயக்கமின்றிப் பாடுகின்றனர். ஐந்நூறு ஆண்டுகளின் முன் கைவிலங்கோடு கடல் கடந்த தாளம் அது. வெறுங்கையோடு கடல் கடந்தவர்களின் பிள்ளைகள் இன்று அதற்குக் கைகொட்டுகின்றனர். பாடகரின் பெயர் அவர்களுட் பலருக்குத் தெரியாது. ஆயினும், முதலடியை அவர் பாடிவிட்டு மறு அடியைக் கூட்டத்தினரிடம் விட்ட அந்தப் பழைய முறைப்படி, மறு அடி இன்னும் பாடப்பட்டுக்கொண்டேயிருக்கின்றது.